புதைப்பதா, எரிப்பதா: அதற்கு முன்னால் ஈரக் குப்பை

குப்பைமேடு நிரம்பிப்போன ஊரில் கூட்டம் நடந்தால் மேசைக்கு வருவது பெரும்பாலும் இரண்டே திட்டங்கள். ஊருக்கு வெளியே புது நிலம் பார்த்துப் புதைப்பது ஒன்று. பெரிய எரியுலை கட்டி எரித்து, அதில் மின்சாரமும் எடுப்பது இன்னொன்று. நிலத்தின் அருகில் குடியிருப்பவர்கள் முதலாவதை எதிர்ப்பார்கள். புகைபோக்கியின் அருகில் குடியிருப்பவர்கள் இரண்டாவதை எதிர்ப்பார்கள். இரண்டு தரப்பின் பயத்திலும் நியாயம் இருக்கிறது. பேச்சு இழுத்துக்கொண்டே போகும். அதுவரை லாரிகள் பழைய மேட்டுக்கே போய்க் கொட்டும், ஏதோ ஒரு ராத்திரி அந்த மேடு பற்றிக்கொள்ளும்.

அப்படி முடிவெடுக்கும் இடத்தில் நிற்பவர்களுக்காக இந்த ஒப்பீட்டை எழுதுகிறேன். என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். புதைப்பதற்கும் எரிப்பதற்கும் உள்ள வித்தியாசத்தைவிட, கலந்த குப்பைக்கும் பிரித்த குப்பைக்கும் உள்ள வித்தியாசம் பெரியது. ஈரக் குப்பையைத் தனியே எடுத்து மக்கவைக்காத ஊரில் புதைகுழியும் கெடும், எரியுலையும் கெடும். அதைச் செய்துவிட்ட ஊரில் மிச்சத்துக்கு வழி தேடுவது எளிது. அந்த மிச்சத்துக்கு, பெரும்பாலான ஊர்களில், ஒழுங்காகக் கட்டிய சிறிய புதைகுழிதான் பொருந்தும் என்பது என் எண்ணம்.

முதலில் அளவைப் பார்த்துவிடலாம். உலக வங்கி 2018இல் வெளியிட்ட கணக்குப்படி 2016ஆம் ஆண்டில் உலகம் முழுவதும் சேர்ந்த நகரக் குப்பை 201 கோடி டன். இப்படியே போனால் 2050இல் அது 340 கோடி டன் ஆகும். இதில் மூன்றில் ஒரு பங்காவது பாதுகாப்பில்லாத முறையில்தான் ஒழிக்கப்படுகிறது. மொத்தக் குப்பையில் 44 சதவீதம் உணவுக் கழிவும் இலை தழையும், அதாவது ஈரக் குப்பை. வருமானம் குறைந்த நாடுகளில் இது பாதியைத் தாண்டுகிறது. இந்த ஒரு எண்ணை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கீழே வரும் எல்லாக் கணக்கும் அங்கேதான் போய் முட்டுகிறது.

இப்போது நடப்பது

பழைய மேட்டிலேயே கொட்டிக்கொண்டிருப்பதை யாரும் ஒரு திட்டமாக முன்வைப்பதில்லை. ஆனால் முடிவு தள்ளிப்போகும் ஒவ்வொரு மாதமும் ஊர் அதைத்தான் தேர்ந்தெடுத்துக்கொண்டிருக்கிறது. எனவே அதையும் ஒப்பீட்டில் சேர்த்தாகவேண்டும்.

திறந்த மேட்டில் மழை விழுந்தால் தண்ணீர் குப்பைக்குள் இறங்குகிறது. அழுகும் கழிவிலிருந்து புளித்த அமிலங்கள் வருகின்றன. அந்த அமிலத்தில் பேட்டரி, பெயின்ட், மின்னணுச் சாமான்களில் இருக்கும் ஈயமும் காட்மியமும் கரைகின்றன. அமோனியாவும் சேர்ந்துகொள்கிறது. இந்தக் கறுப்புக் கசிவுநீர் அடியில் தடுப்பு எதுவும் இல்லாததால் நேராக நிலத்தடி நீருக்குப் போகிறது. மேட்டின் மேலே வேறு கதை. கிழிந்த டயரிலும் கவிழாமல் கிடக்கும் டப்பாவிலும் தேங்கும் கொஞ்சம் தண்ணீர் போதும், டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் கொசு பெருகிவிடும். எலிகள் வரும், எலிக்காய்ச்சலும் வரும்.

மேடு சரியவும் செய்யும். 2000 ஜூலையில் மணிலா அருகே பயாட்டாஸ் குப்பைமேடு கனமழைக்குப் பிறகு சரிந்து 200க்கும் மேற்பட்டவர்களைப் புதைத்தது. 2005 பிப்ரவரியில் இந்தோனேசியாவின் லியுவிகஜா மேடு சரிந்து 143 பேர் இறந்தார்கள். 2017இல் மட்டும் இரண்டு: மார்ச்சில் அடிஸ் அபாபாவின் கோஷே மேட்டில் நூற்றுக்கும் அதிகமானவர்கள், ஏப்ரலில் கொழும்பின் மீதொட்டமுல்லையில் 30க்கும் மேற்பட்டவர்கள். எல்லா இடத்திலும் இறந்தவர்கள் மேட்டை ஒட்டி வீடு கட்டியிருந்த ஏழைகள். வேறு இடம் கிடைக்காததால் அங்கே இருந்தவர்கள். குப்பையை உண்டாக்கியவர்கள் வேறு யாரோ.

அப்புறம் தீ. மேட்டைக் குறைக்க வேண்டுமென்றே வைப்பதும் உண்டு, உள்ளே ஊறிய வாயு தானே பற்றிக்கொள்வதும் உண்டு. வீதியோரத்தில் சின்னக் குவியலாக எரிப்பதையும் இதோடு சேர்த்தே பார்க்கவேண்டும். "கொஞ்சம்தானே" என்று தோன்றும். குறைந்த சூட்டில், காற்று போதாமல், பி.வி.சி போன்ற குளோரின் உள்ள பிளாஸ்டிக்கோடு புகைந்து எரிவதுதான் டையாக்சின் என்ற கொடிய நச்சு உருவாக மிகச் சாதகமான நிலை. அமெரிக்காவில் பெரிய எரியுலைகளுக்குக் கடுமையான வரம்பு விதித்த பிறகு, 2000ஆம் ஆண்டுக்கு எடுத்த டையாக்சின் கணக்கில் முதலிடத்துக்கு வந்தது எது தெரியுமா? வீட்டுக் கொல்லையில் பீப்பாயில் குப்பை எரிப்பது.

டையாக்சினை மூச்சில் இழுப்பதைவிடச் சாப்பாட்டில்தான் அதிகம் உள்ளே எடுத்துக்கொள்கிறோம். புகை படிந்த புல்லை மாடு மேய்கிறது, மண்ணைக் கோழி கிளறுகிறது. கொழுப்பில் சேர்ந்து பால், முட்டை, இறைச்சி, மீன் வழியாக நமக்கு வருகிறது. மனிதருக்குச் சேரும் டையாக்சினில் 90 சதவீதத்துக்கும் மேல் உணவு வழியாகவே வருவதாக உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. உடம்பில் நுழைந்தது பாதியாகக் குறையவே 7 முதல் 11 ஆண்டுகள் ஆகும். இந்த வகையில் மிகக் கொடிய டி.சி.டி.டி என்ற சேர்மத்தைப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள் என்று சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு முகமை 1997இல் உறுதியாக வகைப்படுத்தியது. ஆகவே வீதியோரத்தில் எரிப்பதையும் மேட்டில் எரிப்பதையும் இந்த ஒப்பீட்டிலிருந்து இப்போதே நீக்கிவிடுகிறேன். எந்த ஊருக்கும், எந்தச் சூழலிலும், அது ஒரு வழியே இல்லை.

கட்டிய புதைகுழி

புதைகுழி என்றதும் பலருக்குப் பழைய மேடுதான் கண்ணில் வருகிறது. முறையாகக் கட்டிய குழி அதுவல்ல. அடியில் இறுக்கிய களிமண் அரை மீட்டருக்கு மேல், அதன்மீது ஒன்றரை மில்லிமீட்டர் தடிமனுள்ள அடர்த்தியான பிளாஸ்டிக் விரிப்பு, அதற்கு மேல் சரளைக்கல்லும் துளையிட்ட குழாய்களும். இறங்கும் கசிவுநீர் குழாய் வழியாகச் சேர்ந்து சுத்திகரிப்புக்குப் போகும். அன்றன்று கொட்டியதை அன்றன்று மண் போட்டு மூடவேண்டும். இதனால் ஈ, எலி, நாற்றம், தீ நான்கும் அடங்கும். சுற்றிலும் கண்காணிப்புக் கிணறுகள் தோண்டி நிலத்தடி நீரை அவ்வப்போது எடுத்துச் சோதிப்பார்கள்.

காகிதத்தில் இது அழகான ஏற்பாடு. கெடுப்பது ஈரக் குப்பை. காற்று புகாத குழிக்குள் உணவுக் கழிவு அழுகும்போது வெளிவரும் வாயுவில் ஏறத்தாழ பாதி மீத்தேன். நூறு ஆண்டுக் கணக்கில் கரியமில வாயுவைவிட 28 மடங்கு அளவுக்கும், இருபது ஆண்டுக் கணக்கில் 80 மடங்கு அளவுக்கும் அது பூமியைச் சூடாக்கும். குழாய் போட்டு இழுத்து எரிக்கலாம், மின்சாரமும் எடுக்கலாம். ஆனால் குழியை முழுதாக மூடிக் குழாய் பதிப்பதற்குள் உணவுக் கழிவு பெருமளவு அழுகி முடிந்திருக்கும். வேகமாக அழுகும் பொருளும் தாமதமாக வரும் குழாயும் ஒன்றுக்கொன்று ஒத்துப்போவதில்லை.

மீத்தேன் காற்றில் 5 முதல் 15 சதவீதம் வரை கலந்தால் வெடிக்கும். 1986 மார்ச்சில் இங்கிலாந்தின் லோஸ்கோ கிராமத்தில் ஒரு வீடு அப்படியே சிதறியது. அருகில் மூடப்பட்டிருந்த புதைகுழியின் வாயு பாறை இடுக்குகள் வழியாக நகர்ந்து, காற்றழுத்தம் சட்டென்று இறங்கிய ஒரு நேரத்தில் வீட்டுக்குள் புகுந்திருந்தது. உள்ளே இருந்த மூன்று பேரும் பலத்த காயத்தோடு தப்பினார்கள். குழியை மூடிவிட்டால் வேலை முடிந்தது என்று நினைப்பவர்களுக்கு இந்தச் சம்பவத்தைத்தான் சொல்வேன். அமெரிக்க விதிகள் மூடிய பிறகும் 30 ஆண்டுகள் பராமரிக்கச் சொல்கின்றன. அமோனியா கசிவது அதையும் தாண்டிப் போகக்கூடியது. பிளாஸ்டிக் விரிப்புக்கோ நிரந்தர ஆயுள் கிடையாது.

மறதி எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு அமெரிக்காவின் நயாகரா ஃபால்ஸ் நகரின் லவ் கெனால் சாட்சி. 1940களிலிருந்து 1953 வரை ஒரு வெட்டிய கால்வாயில் ஏறத்தாழ 20,000 டன் ரசாயனக் கழிவைக் கொட்டி மண் மூடினார்கள். நிலம் ஒரு டாலருக்குப் பள்ளி வாரியத்துக்குக் கைமாறியது. பள்ளிக்கூடம் எழுந்தது, வீடுகள் வந்தன. 1978இல் நிலவறைகளில் ரசாயனம் ஊறி வர, அவசரநிலை அறிவித்துக் குடும்பங்களை வெளியேற்றினார்கள். அது வீட்டுக் குப்பை அல்ல, ஆலைக் கழிவு. ஆனால் எது எங்கே புதைந்திருக்கிறது என்ற பதிவேடும், அதைப் படிக்க ஒரு பொறுப்பாளரும் தலைமுறை தாண்டி இருக்கவேண்டும் என்ற பாடம் எல்லாக் குழிக்கும் பொருந்தும்.

பக்கத்தில் வாழ்பவர்களின் உடல்நலம்? பிரிட்டனில் 9,565 புதைகுழிகளைச் சுற்றி நடந்து 2001இல் வெளிவந்த ஆய்வில், மக்கள்தொகையில் 80 சதவீதம் பேர் ஏதோ ஒரு குழியிலிருந்து 2 கிலோமீட்டருக்குள் வாழ்வது தெரிந்தது. பிறவிக் குறைபாடும் எடை குறைந்த பிரசவமும் அங்கே சற்றே கூடுதலாக இருந்தன. குழிதான் காரணமா, அந்த இடங்களில் வாழ்பவர்களின் வறுமை போன்ற வேறு எதுவுமா என்று ஆய்வாளர்களால் அறுதியிட்டுச் சொல்ல முடியவில்லை. சிறிய அபாயம் என்பது சரி. ஆனால் இவ்வளவு பேர் பக்கத்தில் வாழும்போது சிறிய அபாயத்தையும் அலட்சியமாகத் தள்ளிவிட மாட்டேன்.

எரியுலை

எரியுலையை ஆதரிப்பவர்கள் சொல்வதில் உண்மை இருக்கிறது. குப்பையின் கன அளவு ஏறத்தாழ 90 சதவீதம் குறையும். மீத்தேன் இல்லை. கிருமிகள் அழிந்துவிடும். நிலமே கிடைக்காத நெருக்கமான நகருக்கு இது பெரிய ஆறுதல். நவீன உலை பழைய உலை போன்றதும் இல்லை. ஐரோப்பிய விதிப்படி புகை குறைந்தது 850 டிகிரியில் 2 விநாடி இருந்தாகவேண்டும். அப்புறம் அதை வேகமாகக் குளிர்விக்கவேண்டும், ஏனென்றால் சுமார் 200 முதல் 450 டிகிரி வரையிலான சூட்டில் டையாக்சின் மறுபடி உருவாகிவிடும். சுண்ணாம்பு அமில வாயுவைப் பிடிக்கும், பொடித்த கரி பாதரசத்தையும் டையாக்சினையும் உறிஞ்சும், துணிப்பை வடிகட்டி நுண்துகளை நிறுத்தும். வெளியேறும் டையாக்சின் ஒரு கனமீட்டருக்கு 0.1 நானோகிராமுக்குள் இருக்கவேண்டும். பிரிட்டனில் நவீன எரியுலைகளைச் சுற்றி நடந்த பெரிய ஆய்வில் சிசு மரணம் கூடியதாகத் தெரியவில்லை. உலைக்கு அருகே பிறவி இதயக் குறைபாடு சிறிதளவு கூடுதலாகத் தெரிந்தது, அதற்குக் காரணம் உலைதானா என்பது தீர்மானமாகவில்லை.

ஆக, நன்றாக நடத்தப்படும் நவீன உலையின் புகையைக் கண்டு நான் பெரிதாகப் பயப்படவில்லை. "நன்றாக நடத்தப்படும்" என்பதில்தான் முழுக் கேள்வியும் இருக்கிறது.

ஈரமான குப்பை தானாக எரியாது. உலகெங்கும் உலைத் திட்டங்களுக்கு வைக்கும் குறைந்தபட்ச அளவுகோல், குப்பையின் வெப்ப மதிப்பு, அதாவது எரியும்போது அது தரும் சூடு, எல்லாப் பருவத்திலும் கிலோவுக்கு 6 மெகாஜூலுக்குக் கீழே போகக்கூடாது, ஆண்டுச் சராசரி 7 இருக்கவேண்டும் என்பது. பாதிக்கு மேல் உணவுக் கழிவு இருக்கும் ஊரில், அதுவும் மழைக்காலத்தில், இதை எட்டுவது கடினம். அப்போது எண்ணெய் ஊற்றி எரிக்கவேண்டும், இல்லையென்றால் சூடு இறங்கும். சூடு இறங்கினால் 850 டிகிரி விதி போய்விடும், புகை மாறிவிடும். வடிகட்டிப் பைகளை மாற்ற, கரி வாங்க, புகையை அளக்க வருடா வருடம் பணம் வேண்டும். நிதி நெருக்கடி வந்தால் முதலில் வெட்டு விழுவது இந்தச் செலவில்தான், ஏனென்றால் அது நின்றுபோனது வெளியில் தெரியாது.

சாம்பலைப் பற்றிக் கூட்டங்களில் யாரும் பேசுவதில்லை. எடைக்கணக்கில் குப்பையில் கால் பங்கு அளவு அடிச்சாம்பலாக மிஞ்சும். அதுவாவது பரவாயில்லை. வடிகட்டி பிடித்த பறக்கும் சாம்பல் சில சதவீதம்தான், ஆனால் ஈயம், காட்மியம், டையாக்சின் எல்லாம் அங்கேதான் திரண்டு கிடக்கும். புகையை எவ்வளவு சுத்தமாக்குகிறோமோ அவ்வளவு நஞ்சு சாம்பலில் சேரும். அதைச் சாதாரணக் குழியில் கொட்ட முடியாது. எரியுலை கட்டினால் புதைகுழி தேவையில்லை என்று சொல்பவர் இந்தக் கணக்கை விட்டுவிட்டுப் பேசுகிறார்.

இன்னொரு சிக்கல், உலைக்குப் பசி எடுத்துக்கொண்டே இருக்கும். கட்டிய கடனை அடைக்க இருபது, முப்பது ஆண்டுகளுக்கு நாளொன்றுக்கு இவ்வளவு டன் குப்பை தருகிறோம் என்று ஊர் ஒப்பந்தம் போடும். நன்றாக எரிபவை காகிதமும் பிளாஸ்டிக்கும். மறுசுழற்சிக்குப் போகவேண்டியவையும் அவைதான். ஊர் குப்பையைக் குறைத்தால் உலை பட்டினி. கோபன்ஹேகனின் அமேகர் பக்கே உலையின் கூரையில் பனிச்சறுக்குச் சரிவே இருக்கிறது, அவ்வளவு நம்பிக்கையோடு கட்டினார்கள். சொந்தக் குப்பை போதாமல் டென்மார்க் வெளிநாட்டிலிருந்து குப்பை இறக்குமதி செய்தது. 2020இல் அந்த நாடே எரிக்கும் திறனைப் பத்தாண்டில் 30 சதவீதம் குறைப்பதென்று முடிவெடுத்தது. பருவநிலைக் கணக்கும் ஒரு காரணம். பாலித்தீன் என்பது கெட்டியாக்கிய பெட்ரோலியம். ஒரு டன் எரிந்தால் ஏறத்தாழ 3 டன் கரியமில வாயு வரும்.

ஜப்பான் இடம் போதாமல் பெரும்பகுதியை எரிக்கிறது. அங்கும் 1990களில் டையாக்சின் பெரும் கவலையாகி, 1999இல் தனிச் சட்டம் வந்து, உலைகளை மாற்றியமைத்து, வெளியேற்றத்தை 95 சதவீதத்துக்கும் மேல் குறைத்தார்கள். முடியும் என்பதற்கு அது அத்தாட்சி. அதற்குப் பின்னால் வீட்டுக்கு வீடு பிரித்துத் தரும் பழக்கமும், விதியை மீறினால் உலையை நிறுத்தும் அதிகாரமும் இருந்தன. அவை இல்லாமல் உலையை மட்டும் வாங்கிவந்தால் அதே பலன் வராது.

ஈரத்தைப் பிரித்துவிட்டால்

மேலே இரண்டு வழியிலும் வந்த தொல்லைகளைத் திரும்பிப் பாருங்கள். மீத்தேன், நாற்றம், அமிலம் ஏறிய கசிவுநீர், குறைந்த வெப்ப மதிப்பு. நான்குக்கும் மூலம் அந்த 44 சதவீதம். அதையே வாளியில் தனியாகப் பிடித்துவிட்டால் அது உரமாகும், எரிவாயுவாகும்.

மக்கவைப்பதில் மந்திரம் எதுவும் இல்லை, ஆனால் சில அளவுகள் உண்டு. ஒரு பங்கு தழைச்சத்துக்கு (நைட்ரஜன்) 25 முதல் 30 பங்கு கரிச்சத்து (கார்பன்) வேண்டும். சமையலறைக் கழிவில் தழைச்சத்து அதிகம், காய்ந்த இலையிலும் மரத்தூளிலும் கரிச்சத்து அதிகம், ஆகவே இரண்டையும் அடுக்கடுக்காகப் போடவேண்டும். பிழிந்தால் ஓரிரு சொட்டு வரும் அளவுக்கு ஈரம் போதும். காற்று உள்ளே போகவேண்டும். காற்று போனால் மீத்தேன் வராது, நாற்றமும் பெரிதாக இருக்காது. குவியல் நாற்றமடிக்கிறதென்றால் பெரும்பாலும் அது மூச்சுத்திணறுகிறது என்று அர்த்தம். காய்ந்த இலை சேர்த்துக் கிளறிவிட்டால் சரியாகிவிடும். நல்ல குவியலின் உட்பகுதி தானாகவே 55 டிகிரிக்கு மேல் சூடாகும். அந்தச் சூடு சில நாள் நின்றால் நோய்க்கிருமிகளும் களை விதைகளும் பெரும்பாலும் அழிந்துவிடும்.

குறைகளையும் சொல்லவேண்டும். பெரிய உரக்களத்தில் குவியலைக் கிளறும்போது ஆஸ்பெர்ஜில்லஸ் என்ற பூஞ்சையின் வித்துகள் பறக்கும். ஆஸ்துமா உள்ளவர்களுக்கும் நோய் எதிர்ப்பு குறைந்தவர்களுக்கும் அது ஆகாது. கிளறுபவருக்கு முகமூடி வேண்டும், குடியிருப்புக்குச் சில நூறு மீட்டர் தள்ளிக் களம் இருக்கவேண்டும். அதைவிட முக்கியமானது: கலந்த குப்பையை இயந்திரத்தில் சலித்து "உரம்" என்று தருவதை ஏற்காதீர்கள். அதில் கண்ணாடித் தூளும் பிளாஸ்டிக் துணுக்கும் ஈயமும் இருக்கும். குப்பைமேட்டின் நஞ்சை வயலில் பரப்பியதாகவே அது முடியும்.

சமைத்த உணவும் சொதசொதப்பான கழிவும் அதிகம் சேரும் இடத்தில் உயிரிவாயுக் கலன் பொருந்தும். மூடிய தொட்டிக்குள் வேண்டுமென்றே மீத்தேனை உண்டாக்கிப் பிடித்து அடுப்புக்கோ மின்சாரத்துக்கோ அனுப்புவது. மிஞ்சும் குழம்பு வயலுக்கு உரம். இலை தழை இதற்கு ஒத்துவராது, மரநார் தொட்டிக்குள் செரிக்காது. தொட்டியும் குழாயும் கசியாமல் பார்த்துக்கொள்ள ஒருவர் வேண்டும், கசிந்தால் நன்மை எல்லாம் வீண். வீட்டளவிலும் தெருவளவிலும் உரக்குழி, பெரிய சமையல்கூடங்கள் இருக்கும் இடத்தில் கலன் என்று பிரித்துக்கொண்டால் பெரும்பாலும் தவறாது.

"மக்கள் பிரித்துத் தர மாட்டார்கள்" என்பது எல்லாக் கூட்டத்திலும் வரும் வாதம். தென்கொரியாவில் 1995இல் உணவுக் கழிவில் 2 சதவீதம்தான் மறுபயனுக்குப் போனது. 2005இல் உணவுக் கழிவை நேரடியாகப் புதைப்பதைத் தடைசெய்தார்கள். 2013இல் எடைக்கேற்பக் கட்டணம் வைத்தார்கள். இப்போது 95 சதவீதத்துக்கும் மேல் உரமாகவோ தீவனமாகவோ வாயுவாகவோ மாறுகிறது. ஜப்பானின் கமிகட்சு என்ற மலைக்கிராமம், புதிய டையாக்சின் விதிகளுக்கு முன் தன் சிறிய எரியுலைகள் நிற்காது என்று தெரிந்ததும் அவற்றை மூடியது. ஈரக் குப்பையை வீட்டிலேயே மக்கவைத்து, மற்றவற்றை நாற்பதுக்கும் மேற்பட்ட வகையாகப் பிரித்து, ஏறத்தாழ 80 சதவீதத்தை மறுசுழற்சிக்கு அனுப்புகிறது. ஆயிரத்துச் சொச்சம் பேர் மட்டுமே வாழும் ஊர் என்பதை மறைக்கமாட்டேன். பெருநகரில் அத்தனை வகை நடக்காது. மூன்று நடக்கும்: ஈரம், உலர்ந்தது, ஆபத்தானது.

என் அனுபவத்தில் பிரிப்பதைக் கெடுப்பது மக்களின் சோம்பல் இல்லை, லாரி. இரண்டு வாளியில் தனித்தனியாகக் கொடுத்ததை ஒரே லாரியில் ஒன்றாகக் கொட்டுவதை நானே வாசலில் நின்று பார்த்திருக்கிறேன். அதைப் பார்த்த வீடு மறுநாளிலிருந்து பிரிக்காது. யாரைக் குறை சொல்வது? ஈரத்துக்குத் தனி வண்டி, தனி நாள் ஏற்பாடான பிறகுதான் வீடுகளிடம் கேட்கவேண்டும்.

மறுசுழற்சி பற்றிச் சுருக்கமாக. கண்ணாடி, இரும்பு, அலுமினியம், சுத்தமான காகிதம் நன்றாகவே திரும்பி வரும். பிளாஸ்டிக்கிடம் அவ்வளவு எதிர்பார்க்கவேண்டாம். 1950 முதல் 2015 வரை குப்பையான பிளாஸ்டிக்கில் 9 சதவீதம்தான் மறுசுழற்சி ஆனது என்று 2017இல் வந்த ஒரு ஆய்வு கணக்கிட்டது. 12 சதவீதம் எரிந்தது, 79 சதவீதம் புதைந்தோ வெளியில் கிடந்தோ போனது. வெளிநாட்டுக்கு அனுப்பிக் கைகழுவுவதும் 2018இல் சீனா கதவைச் சாத்தியதிலிருந்து கடினமாகிவிட்டது. உணவு ஒட்டாத பிளாஸ்டிக்குக்கு வாங்க ஆள் கிடைக்கும் என்பதால், இங்கும் ஈரத்தைப் பிரிப்பதே உதவுகிறது.

சிறிய பொட்டலம், பெரிய நஞ்சு

எடையில் மிகக் குறைவாக இருந்தும் தனி வழி தேவைப்படுபவை சில. செனகலின் தியாரோய் சுர் மேர் பகுதியில் பழைய கார் பேட்டரிகளை வீட்டோரமாக உடைத்து ஈயம் எடுத்தார்கள். 2007 நவம்பரிலிருந்து சில மாதங்களுக்குள் 18 குழந்தைகள் ஈய நஞ்சால் இறந்தார்கள். குழந்தையின் மூளைக்குப் பாதுகாப்பான ஈய அளவு என்று ஒன்று கிடையாது. பேட்டரி, குழல் விளக்கு, பாதரச வெப்பமானி, மின்னணுச் சாமான் எதுவும் புதைகுழிக்கும் போகக்கூடாது, உலைக்கும் போகக்கூடாது. லித்தியம் பேட்டரி லாரியில் நசுங்கினால் தீயே பிடிக்கும்.

மருத்துவமனைக் கழிவில் ஆபத்தானது 15 சதவீதம் அளவுதான் என்கிறது உலக சுகாதார நிறுவனம். ஆனால் மிச்சத்தோடு கலந்தால் மொத்தமும் ஆபத்து. தொற்றுள்ளவருக்குப் போட்ட ஊசி ஒரு முறை குத்தினால் ஹெபடைடிஸ் பி வர 30 சதவீதம், ஹெபடைடிஸ் சி வர 1.8 சதவீதம், எச்.ஐ.வி வர 0.3 சதவீதம் வாய்ப்பு. வீட்டில் இன்சுலின் போடுபவர்கள் ஊசியைக் கெட்டியான டப்பாவில் மூடித் தரவேண்டும். அந்தப் பையில் கைவிடப்போகிறவர் கையுறைகூட இல்லாத ஒரு தூய்மைப் பணியாளராக இருக்கலாம்.

எந்த ஊருக்கு எது

கழிவில் பாதிக்கு மேல் ஈரம் உள்ள, நிலம் ஓரளவு கிடைக்கும், நிதி குறைந்த ஊரென்றால் எனக்குச் சந்தேகமே இல்லை. ஈரம் உரத்துக்கு, உலர்ந்ததில் விலைபோவது மறுசுழற்சிக்கு, மிச்சம் கட்டிய புதைகுழிக்கு. மக்காத மிச்சம் மட்டும் போகும் குழியில் மீத்தேன் மிகக் குறைவு, கசிவுநீர் குறைவு, நிரம்பவும் நீண்ட காலம் ஆகும். தவறு நடந்தாலும் கண்டுபிடித்துத் திருத்த அவகாசம் இருக்கும். உலையில் தவறு நடந்தால் அது அன்றைக்கே காற்றில் போய்விடும். குழியை விரும்ப எனக்கு முக்கியக் காரணம் இதுதான்.

நிலத்தடி நீர் மட்டம் மிக உயர்ந்த இடம், வெள்ளம் ஏறும் தாழ்நிலம், சிறு தீவு, இடமே இல்லாத பெருநகர் என்றால் கணக்கு மாறும். அங்கே ஈரத்தைப் பிரித்த பிறகு மிஞ்சும் உலர்ந்த கழிவுக்கு எரியுலை நியாயமான தேர்வு. ஆனால் மூன்று நிபந்தனைகள். புகை அளவுகளை ஊரார் எல்லோரும் பார்க்கும்படி தொடர்ந்து வெளியிடவேண்டும். பறக்கும் சாம்பலுக்கு இடம் முன்கூட்டியே தயாராக இருக்கவேண்டும். இவ்வளவு குப்பை தந்தே தீருவோம் என்ற வாக்குறுதி ஒப்பந்தத்தில் இருக்கக்கூடாது. இதில் ஏதாவது ஒன்றுக்குச் சரியான பதில் வரவில்லையென்றாலும் நான் கையெழுத்துப் போடமாட்டேன்.

பழைய மேட்டை என்ன செய்வது என்ற கேள்வியும் உண்டு. தோண்டிச் சலித்து இடத்தை மீட்கலாம், ஆனால் சலித்த மண்ணில் உலோக நஞ்சு எவ்வளவு என்று சோதிக்காமல் வயலுக்குத் தரக்கூடாது. தோண்ட முடியாவிட்டால் சரிவைத் தணித்து, மேலே தடுப்பு போட்டு மூடி, வாயுவுக்குக் குழாய் வைத்து, சுற்றியுள்ள கிணறுகளைச் சோதிக்கவேண்டும். மேட்டில் பொறுக்கிப் பிழைப்பவர்களை விரட்டிவிட்டு வேலி போடுவது சரியல்ல. எந்தப் பொருள் எந்த வகை, எது விலைபோகும் என்று ஊரில் அவர்கள் அளவுக்குத் தெரிந்தவர் யாரும் இல்லை. பிரிக்கும் கூடத்தில் கையுறை, முகமூடி, தடுப்பூசி, மாதச் சம்பளத்தோடு முதல் வேலை அவர்களுக்குத்தான் தரவேண்டும்.

அடுத்த கூட்டத்துக்குப் போகும் முன் ஒரு சின்ன வேலை செய்துபாருங்கள். ஊரின் நான்கைந்து தெருக்களிலிருந்து ஒரு வாரத்துக் குப்பையை எடுத்து, விரிப்பில் கொட்டி, வகைவாரியாக எடை போடுங்கள். மழைக்காலத்தில் ஒருமுறை, வெயில்காலத்தில் ஒருமுறை. ஈரம் எத்தனை சதவீதம், எரியக்கூடியது எத்தனை, எங்கும் போக முடியாத மிச்சம் எத்தனை என்று ஒரு தாளில் வரும். புதைகுழி எவ்வளவு பெரிதாக வேண்டும், உலை எரியுமா எரியாதா, உரக்களம் எத்தனை வேண்டும் என்ற மூன்று கேள்விக்கும் அந்தத் தாளிலிருந்தே விடை கணக்கிடலாம். திட்டம் கொண்டுவருபவரிடம் முதலில் அந்தத் தாளைக் கொடுத்துவிட்டு, பிறகு பேசச் சொல்லுங்கள்.